ஆங்கிலத்தில் மாற்றுச் சொல் தேடுவது எப்படி: புதிதாக எழுதத் தொடங்குபவர்களுக்கு ஒரு வழிகாட்டி

ஒரு வேலைக்கு ஆங்கிலத்தில் விண்ணப்பக் கடிதம் எழுதினேன். முடித்துவிட்டுப் படித்துப் பார்த்தால், ஒரே பக்கத்தில் 'ஹெல்ப்' என்ற சொல் ஐந்து இடத்தில் வந்திருந்தது. பார்க்கவே வறட்சியாக இருந்தது. சரி, மாற்றிவிடலாம் என்று, ஒரு சொல்லுக்கு நெருங்கிய பொருள் உள்ள சொற்களைப் பட்டியலாகத் தரும் தெசாரஸைத் திறந்தேன். 'எய்ட்', 'அசிஸ்ட்', 'சப்போர்ட்', 'அபெட்' என்று வரிசையாக வந்தன. ஒவ்வொன்றையும் எடுத்து ஒவ்வோர் இடத்தில் பொருத்தினேன். ஆண்டுக் கணக்கை முடிக்க மேலாளருக்கு உதவினேன் என்று சொல்ல வேண்டிய வரியில் 'அபெட்' போய் உட்கார்ந்துகொண்டது. 'அபெட்' என்றாலும் உதவுவதுதான். ஆனால் தப்புக் காரியத்துக்கு உதவுவது. குற்றத்துக்கு உடந்தையாக இருப்பது. அந்தக் கடிதத்தைப் பல இடங்களுக்கு அனுப்பி முடித்த பிறகுதான், எனக்குத் தெரிந்த அக்கா ஒருவர் அந்த வரியில் விரலை வைத்து, "இதுக்கு என்ன அர்த்தம்னு தெரிஞ்சுதான் எழுதினியா?" என்று கேட்டார். அன்றைக்கு மனசு ரொம்பச் சங்கடப்பட்டது.

அதன்பிறகு இதை ஒழுங்காகக் கற்றுக்கொள்ள எனக்கு ஒரு வருடத்துக்கு மேல் ஆனது. உங்களுக்கு அவ்வளவு நாள் ஆக வேண்டியதில்லை.

தமிழில் நாய்க்குட்டி என்கிறோம், மாட்டுக்கன்று என்கிறோம், கோழிக்குஞ்சு என்கிறோம். குட்டி, கன்று, குஞ்சு மூன்றும் இளம் உயிரைத்தான் குறிக்கின்றன. ஆனாலும் கோழிக்கன்று என்று ஒருவரும் சொல்வதில்லை. இதை யாரும் நமக்குப் பாடம் நடத்தவில்லை. காதில் விழுந்து விழுந்து வந்தது. ஆங்கிலத்தில் அந்தக் காதுப்பழக்கம் நமக்குக் குறைவு. அதனால் எந்தச் சொல் எங்கே செல்லும் என்பதை அகராதியில் பார்த்துத்தான் எழுத வேண்டியிருக்கிறது. அதை எந்த வரிசையில் பார்ப்பது என்பதுதான் இந்தக் கட்டுரை.

1. என்ன வேண்டும், என்ன செலவு, எவ்வளவு நேரம்

முதலில் ஒரு கற்போர் அகராதி. ஆங்கிலத்தைத் தாய்மொழிக்குப் பிறகு கற்றுக்கொள்பவர்களுக்கென்றே எழுதப்பட்ட அகராதிகள் இருக்கின்றன. ஆக்ஸ்போர்டு, கேம்பிரிட்ஜ், லாங்மேன் ஆகிய மூன்றின் கற்போர் அகராதிகளும் இணையத்தில் இலவசம். லாங்மேன் அகராதி, பொருள் விளக்கங்களைச் சுமார் 2000 எளிய சொற்களுக்குள் எழுதுகிறது. அதனால் விளக்கம் புரியாமல் இன்னொரு சொல்லைத் தேடி ஓட வேண்டாம். ஆக்ஸ்போர்டு கற்போர் அகராதியில், நெருங்கிய பொருள் உள்ள சொற்களுக்கு என்ன வேறுபாடு என்று தனிப் பெட்டியில் விளக்கியிருப்பார்கள். எனக்கு அதிகம் கைகொடுத்தது அந்தப் பெட்டிதான்.

அடுத்து ஒரு தெசாரஸ். மெரியம் வெப்ஸ்டரின் தெசாரஸ் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. மைக்ரோசாஃப்ட் வேர்டில் எழுதுபவர்கள், சொல்லின் மேல் கர்சரை வைத்து ஷிஃப்ட் விசையையும் எஃப்7 விசையையும் சேர்த்து அழுத்தினால் அங்கேயே பட்டியல் வரும்.

மூன்றாவது, ஸ்கெல் என்ற இணையதளம். ஒரு சொல்லைக் கொடுத்தால், அது உண்மையான எழுத்தில் எப்படி வருகிறது, எந்தச் சொற்களோடு சேர்ந்து வருகிறது என்று காட்டும். கணக்குத் தொடங்க வேண்டாம், பணமும் கேட்காது.

கூடவே ஒரு நோட்டு. ஆக மொத்தச் செலவு நோட்டின் விலை மட்டும். சந்தா கட்டி வாங்கும் எழுத்துத் திருத்த மென்பொருள் எதுவும் ஆரம்பத்தில் தேவையில்லை. அது சொல்லை மாற்றித்தரும். ஏன் மாற்றியது என்பது பெரும்பாலும் உங்களுக்குப் புரியாமலே போகும்.

ஒரு பக்கத்தைச் சீர்பார்க்க எனக்கு முதலில் முக்கால் மணி நேரம் பிடித்தது. இரண்டு மாதம் கழித்து இருபது நிமிடம் போதுமானதாக இருந்தது. ஒரு பக்கத்தில் ஐந்து சொல்லுக்கு மேல் மாற்றாதீர்கள்.

2. முதலில் எழுதி முடியுங்கள்

எழுதிக்கொண்டிருக்கும்போதே தெசாரஸைத் திறந்தால், சொல் கிடைப்பதற்குள் சொல்ல வந்த விஷயம் கைநழுவிவிடும். தெரிந்த சொல்லையே போட்டு முழுவதையும் எழுதுங்கள். அரைமணி நேரம் வேறு வேலை பாருங்கள். அப்புறம் வந்து பேனாவை எடுங்கள்.

3. எதை மாற்றுவது, எதைத் தொடக்கூடாது

வட்டமிட வேண்டியவை இரண்டு வகை. முதலாவது, எங்கே வைத்தாலும் பொருந்திவிடும் பொதுச் சொற்கள்: 'குட்', 'நைஸ்', 'பிக்', 'திங்', 'கெட்', 'வெரி'. எதற்கும் பொருந்துவதால் எதையும் குறிப்பாகச் சொல்லாத சொற்கள் இவை. இரண்டாவது, இரண்டு மூன்று வரிக்குள் திரும்பத் திரும்ப வந்து கண்ணை உறுத்துபவை.

தொடக்கூடாதவற்றைப் பற்றித்தான் இங்கே அதிகம் சொல்ல வேண்டும். ஏனென்றால் பள்ளியில் நமக்கு, ஒரே சொல்லை மறுபடி எழுதாதே என்று மட்டும் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள்.

ஓர் ஒப்பந்தத்திலோ, விதிமுறையிலோ, பயன்பாட்டுக் குறிப்பிலோ ஒரு பொருளுக்கு ஒரே பெயர்தான் இருக்க வேண்டும். முதல் பத்தியில் 'கஸ்டமர்', இரண்டாவதில் 'கிளையன்ட்', மூன்றாவதில் 'யூசர்' என்று அழகுக்காக மாற்றினால், படிப்பவர் மூன்று தனித்தனி ஆட்கள் என்று எடுத்துக்கொள்வார். பணம் கட்ட வேண்டியவர் கஸ்டமரா, யூசரா என்ற கேள்வி அங்கேதான் பிறக்கிறது. துறைச் சொற்களும் அப்படியே. கணக்கியலில் 'ரெவின்யூ' என்பது மொத்த வரவு, 'ப்ராஃபிட்' என்பது செலவு போக மிஞ்சுவது. தெசாரஸ் இரண்டையும் அக்கம்பக்கத்தில் வைத்திருந்தாலும் ஒன்றின் இடத்தில் மற்றதை வைக்க முடியாது.

உரையாடல் எழுதும்போது, 'சொன்னார்' என்று பொருள்படும் 'செட்' என்ற சொல்லையும் மாற்றாமல் விட்டுவிடுங்கள். அவர் 'ஒப்பைண்டு', இவர் 'எக்ஸ்க்ளெய்ம்டு' என்று மாற்றிக்கொண்டே போனால், படிப்பவரின் கவனம் பேச்சை விட்டு அந்த வினைச்சொல்லுக்குப் போய்விடும்.

திரும்ப வருவது பெயர்ச்சொல்லாக இருந்தால், பாதி நேரம் இன்னொரு சொல்லே தேவைப்படாது. 'இட்', 'தே', 'திஸ்' என்று சுட்டினால் போதும், அல்லது இரண்டு வாக்கியத்தை ஒன்றாக்கினால் போதும்.

4. சொல்ல வந்ததைத் தமிழில் கேட்டுக்கொள்ளுங்கள்

'குட் ரிப்போர்ட்' என்று எழுதியிருக்கிறீர்கள். எந்த விதத்தில் 'குட்'? எதையும் விட்டுவிடாமல் எழுதப்பட்டதா? அப்படியானால் 'தரோ'. படித்த உடனே புரிகிறதா? 'கிளியர்'. எண்கள் பிசகாமல் இருக்கின்றனவா? 'அக்யுரேட்'. படித்தவருக்கு வேலை நடந்ததா? 'யூஸ்ஃபுல்'. இந்த நான்கும் 'குட்' என்ற சொல்லுக்குள் அடங்கியிருந்தாலும், நான்குக்கும் தமிழில் நீங்கள் சொல்லும் பதில் வேறு வேறு. அந்தப் பதிலைப் பிடித்த பிறகு தெசாரஸுக்குப் போனால் தேடல் சுருங்கிவிடும். பல நேரம் போகவே தேவையிருக்காது.

இந்தப் படியைத் தாண்டிப் போகிறவர்கள்தான் அதிகம். நானும் அப்படித்தான் தாண்டிப் போனேன்.

5. பட்டியலிலிருந்து தெரிந்த சொல்லை மட்டும் எடுங்கள்

தெசாரஸில் ஒரு சொல்லுக்குப் பல பொருள் தனித்தனிப் பகுதியாக இருக்கும். 'ஃபேர்' என்று தேடினால் நியாயமானது ஒரு பகுதி, வெளிர் நிறம் ஒரு பகுதி, சுமாரானது ஒரு பகுதி. உங்களுக்கு வேண்டிய பகுதியில் நிற்கிறீர்களா என்று பாருங்கள். பெயர்ச்சொல்லா, வினைச்சொல்லா என்பதையும் பாருங்கள்.

அதற்குப் பிறகு ஒரு விதி. பட்டியலில் எந்தச் சொல்லை நீங்கள் வேறு எங்காவது நாலைந்து முறையாவது படித்திருக்கிறீர்களோ அதை மட்டும் எடுங்கள். முதல்முறையாகப் பார்க்கும் சொல் எவ்வளவு கம்பீரமாகத் தெரிந்தாலும் நோட்டில் எழுதி வையுங்கள். இந்தக் கடிதத்தில் வேண்டாம். 'அபெட்' எனக்கு அன்றைக்கு முதல்முறையாகப் பார்த்த சொல்.

6. அகராதியில் குணம் பாருங்கள்: புகழ்கிறதா, பழிக்கிறதா

எடுத்த சொல்லை இப்போது கற்போர் அகராதியில் தேடுங்கள். சில சொற்களில் பொருளுக்கு முன்னால் சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு இருக்கும். 'டிஸ்அப்ரூவிங்' என்றிருந்தால் அது பழிக்கும் சொல். 'அப்ரூவிங்' என்றிருந்தால் பாராட்டும் சொல். பெரும்பாலானவர்கள் இந்தக் குறிப்பைப் பார்ப்பதே இல்லை.

மணம், வாசனை, நாற்றம் மூன்றும் மூக்கில் படுவதைத்தான் சொல்கின்றன. பழைய தமிழில் நாற்றம் என்றால் நறுமணமும்தான். இன்றைக்குப் பூவைப் பார்த்து நாற்றம் என்று சொல்லிப் பாருங்கள்! ஆங்கிலத்திலும் 'ஃப்ரேக்ரன்ஸ்', 'ஸ்மெல்', 'ஸ்டிங்க்' மூன்றுக்கும் அதே தூரம்தான்.

மெலிந்த உடலை 'ஸ்லிம்' என்றால் பாராட்டு, 'ஸ்கின்னி' என்றால் பெரும்பாலும் குறை. சிக்கனமானவர் 'த்ரிஃப்டி', கஞ்சர் 'ஸ்டிஞ்சி'. குழந்தையின் கள்ளமின்மை 'சைல்ட்லைக்', வளர்ந்தவரின் சிறுபிள்ளைத்தனம் 'சைல்டிஷ்'. நல்லதுக்குப் பெயர் பெற்றவர் 'ஃபேமஸ்', கெட்டதுக்குப் பெயர் போனவர் 'நட்டோரியஸ்'. பரிந்துரைக் கடிதத்தில் இந்த ஜோடிகளில் ஒன்று இடம் மாறினாலும், யாருக்காக எழுதினீர்களோ அவருக்குத்தான் நஷ்டம்.

'ஸ்கீம்' என்ற சொல்லில் தனியாக ஒரு கண் வையுங்கள். பிரிட்டிஷ் வழக்கில் பெயர்ச்சொல்லாக வந்தால் அது வெறும் திட்டம். அமெரிக்க வழக்கில் அதில் சூதின் வாடை அடிக்கும். வினைச்சொல்லாக வந்துவிட்டால் எங்கேயும் சதிசெய்வதுதான். திட்டமிட்டேன் என்று சொல்ல 'பிளான்' போதும்.

7. சொல்லின் உடுப்பைப் பாருங்கள்

செத்துப்போனார், இறந்தார், காலமானார். எதை எங்கே சொல்ல வேண்டும் என்று நமக்குத் தெரியும். ஆங்கிலத்தில் 'டை', 'பாஸ் அவே' இரண்டுக்கும் அந்த வித்தியாசம் உண்டு. இரங்கல் கடிதத்தில் 'பாஸ் அவே' மென்மை. மருத்துவ அறிக்கையில் 'டை' போதும்.

அகராதியில் 'ஃபார்மல்', 'இன்ஃபார்மல்' என்று குறித்திருப்பார்கள். இரண்டு சொல் சேர்ந்து வரும் வினைகள், உதாரணமாக 'புட் ஆஃப்', 'லுக் இன்டு', 'ஃபைண்ட் அவுட்', பேச்சுக்கும் நண்பருக்கு எழுதும் மெயிலுக்கும் நன்றாக இருக்கும். அறிக்கையிலும் ஆய்வுக் கட்டுரையிலும் அவற்றின் இடத்தில் 'போஸ்ட்போன்', 'இன்வெஸ்டிகேட்', 'டிஸ்கவர்' வருவது வழக்கம். ஆனால் மேலே ஏறிக்கொண்டே போகாதீர்கள். 'பை' என்று சொல்ல வேண்டிய இடத்தில் 'பர்ச்சேஸ்', 'ஸ்டார்ட்' வேண்டிய இடத்தில் 'கமென்ஸ்' என்று ஒவ்வொரு வரியிலும் போட்டால், சாதாரணக் கடிதம் அரசாணை மாதிரி ஆகிவிடும். அதிலும் இயந்திரத்தை 'ஸ்டார்ட்' பண்ணத்தான் முடியும். 'பிகின்' பண்ணவோ 'கமென்ஸ்' பண்ணவோ முடியாது.

8. வாக்கியம் மாறுகிறதா என்று பாருங்கள்

அதிகமானவர்கள் இடறி விழுவது இங்கேதான். பொருள் சரியாக இருக்கும், குணமும் சரியாக இருக்கும், ஆனால் புதுச் சொல் பழைய சொல்லின் வாக்கியத்துக்குள் உட்காராது.

'டாக் அபவுட்' என்பதை 'டிஸ்கஸ்' என்று மாற்றுகிறீர்கள். 'அபவுட்' போய்விட வேண்டும். 'டிஸ்கஸ் தி பிளான்' என்பதுதான் சரி. அதை விட்டுவிட மறந்து 'டிஸ்கஸ் அபவுட்' என்று எழுதுபவர்களை நான் வாரம் ஒருமுறையாவது பார்க்கிறேன். 'ஆஸ்க் ஃபார்' என்பதை 'ரிக்வெஸ்ட்' என்ற வினையாக மாற்றினால் 'ஃபார்' போக வேண்டும். 'அரைவ் அட்' என்பதை 'ரீச்' ஆக்கினால் 'அட்' போக வேண்டும். தலைகீழாகவும் நடக்கும்: 'ஆன்சர் தி லெட்டர்' என்பதை 'ரிப்ளை' ஆக்கினால் 'டு' வர வேண்டும்.

ஆலோசனை சொல்வதில் இன்னும் பெரிய குழி இருக்கிறது. 'ஹி அட்வைஸ்டு மீ டு வெயிட்' சரியான வாக்கியம். 'அட்வைஸ்' இருந்த இடத்தில் 'சஜஸ்ட்' வைத்தால் 'ஹி சஜஸ்டட் மீ டு வெயிட்' என்று வரும். அது தவறு. 'ஹி சஜஸ்டட் தட் ஐ வெயிட்' என்று வாக்கியத்தையே மாற்ற வேண்டும். 'எக்ஸ்பிளெய்ன்' கூட இப்படித்தான். 'டெல் மீ' உண்டு, 'எக்ஸ்பிளெய்ன் மீ' கிடையாது. 'எக்ஸ்பிளெய்ன் இட் டு மீ' என்று எழுத வேண்டும்.

கற்போர் அகராதியில் ஒவ்வொரு வினைச்சொல்லுக்கும் கீழே இந்த வடிவங்களைத் தடித்த எழுத்தில் காட்டியிருப்பார்கள். எடுத்துக்காட்டு வாக்கியங்களில் மூன்றையாவது படியுங்கள். உங்கள் வாக்கியம் அவற்றில் ஒன்றின் சாயலில் இல்லையென்றால் அந்தச் சொல்லை விடுங்கள்.

9. கூட்டாளி யார் என்று பாருங்கள்

பெரிய மழையைக் கனமழை என்கிறோம்; பெரிய காற்றைப் பலத்த காற்று என்கிறோம். ஆங்கிலமும் இங்கே நம் பக்கம்தான்: 'ஹெவி ரெயின்', 'ஸ்ட்ராங் விண்ட்'. எப்போதும் இப்படி ஒத்துப்போகாது. உயரமான மனிதர் 'டால்', உயரமான மலை 'ஹை'. பெரிய தவறு 'பிக் மிஸ்டேக்', பெரிய எண்ணிக்கை 'லார்ஜ் நம்பர்'. 'லார்ஜ் மிஸ்டேக்' என்றால் காதுக்கு ஒட்டாது. தமிழில் தவறு செய்கிறோம், முடிவு எடுக்கிறோம். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் 'மேக்'.

சந்தேகம் வந்தால் ஸ்கெல் தளத்தில் பெயர்ச்சொல்லைக் கொடுத்து, 'வேர்ட் ஸ்கெட்ச்' என்ற பகுதியைத் திறங்கள். அதன் முன்னால் எந்த அடைமொழிகள் வருகின்றன, எந்த வினைகள் சேர்கின்றன என்று பட்டியலாகத் தரும். ஒரு சொல்லுக்கு ஒரு நிமிடம் ஆகும்.

10. 'வெரி' வரும் இடங்கள்

'வெரி டயர்டு' என்பதற்கு 'எக்ஸாஸ்டட்', 'வெரி ஸ்மால்' என்பதற்கு 'டைனி', 'வெரி ஆங்ரி' என்பதற்கு 'ஃப்யூரியஸ்'. எழுத்தை நறுக்கென்று ஆக்குவதற்கு இதைவிடச் சுலபமான வழி எனக்குத் தெரியவில்லை. இரண்டு எச்சரிக்கை. மாற்றிய பிறகு 'வெரி'யை எடுத்துவிடுங்கள்; 'வெரி டைனி' பேச்சில் வந்தாலும் 'வெரி எக்ஸாஸ்டட்' உறுத்தும். அடுத்து, அளவைக் கூட்டிவிடாதீர்கள். வாடிக்கையாளர் லேசாக முகம் சுளித்தார் என்றால் அவர் 'அனாய்டு'. 'ஃப்யூரியஸ்' என்று எழுதினால் அவர் மேசையைத் தட்டினார் என்று மேலாளர் நினைத்துக்கொள்வார்.

11. சொல்லைத் தானாக மாற்றும் மென்பொருள் வேண்டாம்

கட்டுரையை ஒட்டினால் ஒவ்வொரு சொல்லுக்கும் வேறு சொல் போட்டுத் தரும் கருவிகள் இருக்கின்றன. வேறொருவர் எழுதியதை மறைப்பதற்காகச் சிலர் அவற்றைப் பயன்படுத்துகிறார்கள். அதன் விளைவை 2021-இல் கியோம் கபனாக்கும் அவருடைய சக ஆய்வாளர்களும் ஆய்வுக் கட்டுரைகளிலேயே கண்டுபிடித்து வெளியிட்டார்கள். செயற்கை நுண்ணறிவைக் குறிக்கும் 'ஆர்ட்டிஃபிஷியல் இன்டெலிஜென்ஸ்' அங்கே 'கவுன்ட்டர்ஃபீட் கான்ஷியஸ்னஸ்' ஆகியிருந்தது. அதாவது கள்ள உணர்வு. மார்பகப் புற்றுநோய் 'புஸம் பெரில்' ஆகியிருந்தது. தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொன்றும் தெசாரஸில் பக்கத்துச் சொல்தான். 'செயற்கை' இருந்த இடத்தில் 'கள்ள' வந்து உட்கார்ந்துவிட்டது, அவ்வளவுதான். இந்த விசித்திரச் சொற்றொடர்களே பிறகு போலிக் கட்டுரைகளைக் கண்டுபிடிக்கும் அடையாளமாகிவிட்டன.

12. நோட்டும் தேர்வும்

நோட்டில் ஒரு சொல்லுக்கு ஒரு வரி போதாது. சொல், அதன் குணமும் உடுப்பும், கூட வரும் சொல், அகராதியிலிருந்து ஒரு முழு வாக்கியம், கடைசியில் நீங்களே எழுதிய ஒரு வாக்கியம். கடைசியில் உள்ளதை விட்டுவிடாதீர்கள். அதை எழுதாத சொற்கள் எனக்கு மறுநாளே மறந்துபோயின. ஒரு நாளைக்கு இரண்டு சொல், பத்து நிமிடம். எப்போது வேண்டுமானாலும் செய்யலாம், ஆனால் விடாமல் செய்ய வேண்டும்.

ஐஇஎல்டிஎஸ் என்ற ஆங்கிலத் திறன் தேர்வை எழுதப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. அதன் எழுத்துத் தேர்வில் சொல்வளத்துக்குக் கால் பங்கு மதிப்பெண். உடனே கடினமான சொற்களை மனப்பாடம் செய்யத் தோன்றும். மதிப்பிடுபவர் சொல் பொருந்தியிருக்கிறதா என்றும் பார்ப்பார். இரண்டாவது கட்டுரைக்கு 40 நிமிடத்தில் குறைந்தது 250 சொல் எழுத வேண்டும்; அங்கே சோதித்துப் பார்க்க நேரமில்லை. நோட்டில் உங்கள் சொந்த வாக்கியத்தோடு ஏறிய சொல்லை மட்டும் தேர்வில் எழுதுங்கள். தேர்வுக்கு ஒரு வாரம் இருக்கும்போது புதுச் சொல் சேர்ப்பதை நிறுத்திவிடுங்கள்.

13. ஒரு சின்ன மெயில், முதலிலிருந்து கடைசிவரை

சென்ற வாரம் நான் எழுதியது இது: 'ஐ காட் யுவர் மெயில். ஐ வில் கெட் பேக் டு யூ ஆஃப்டர் ஐ கெட் தி டீடெயில்ஸ்.' இரண்டு வாக்கியத்தில் மூன்று 'கெட்'. தவறு எதுவும் இல்லை, ஆனால் அலுவலக மெயிலுக்குத் தொளதொளவென்று இருக்கிறது.

முதலாவது: மெயில் வந்து சேர்ந்தது என்பதுதான் பொருள். 'ரிசீவ்டு' வைத்தேன். வாக்கிய வடிவம் மாறவில்லை. இரண்டாவது: பதில் சொல்கிறேன் என்பது பொருள். 'ரிப்ளை' வைத்தேன், 'பேக்' போய்விட்டது, 'டு யூ' தேவைப்படவில்லை. மூன்றாவதில்தான் நின்றேன். தெசாரஸ் 'அப்டெயின்', 'அக்வயர்', 'ப்ரொக்யூர்' என்று கொடுத்தது. அகராதியில் 'அப்டெயின்' என்பதன் பக்கத்தில் 'ஃபார்மல்' என்றிருந்தது, கஷ்டப்பட்டுப் பெறும் சாயலும் இருந்தது. 'ப்ரொக்யூர்' சரக்குக் கொள்முதலுக்கு. எனக்கு அந்த விவரங்களை யாரோ அனுப்பப் போகிறார்கள், நான் காத்திருக்கிறேன்; தமிழில் கேட்டால், விவரம் கைக்கு வந்ததும். அப்படியானால் 'ஹேவ்' போதும்; வந்ததும் என்பதால் 'ஆஃப்டர்' இருந்த இடத்தில் 'ஒன்ஸ்' வைத்தேன்.

'ஐ ரிசீவ்டு யுவர் மெயில். ஐ வில் ரிப்ளை ஒன்ஸ் ஐ ஹேவ் தி டீடெயில்ஸ்.'

மொத்தம் ஐந்து நிமிடம். அதில் நான்கு நிமிடம் 'ஹேவ்' என்ற அந்தச் சின்னச் சொல்லுக்குப் போனது.